வெட்டாத ஐந்து நொடி

"என் ஆய்வேட்டுல 'தப்பு'ன்னு பென்சில்ல எழுதினது யாரு?"

சொட்டச் சொட்ட நனைந்த குடையோடு ஒலிப்பதிவு அறைக்குள் நுழைந்தாள் அந்த ஆய்வு மாணவி. நாலு மணிக்குள் சமர்ப்பிக்க வேண்டும்.

பழைய ஒலிநாடாக்களைச் சுத்தம் செய்பவன் ஹெட்ஃபோனைக் கழற்றிவிட்டு நிமிர்ந்தான். கறுத்த முகம், அதில் மழைமேகம் போலக் கனத்த கண்கள்... ஒரு கணம் வந்த கோபமே மறந்துபோனது அவளுக்கு. சே!

"நான்தாங்க. நாடாவோட ஒத்துப்பார்க்கத்தானே அனுப்புனீங்க?"

"மூணு வருஷ உழைப்பு சார்!"

"உழைப்புல குறையில்லீங்க. காதுலதான்."

கொழுப்பைப் பாரேன்!

'கறுத்தவர் பின்னே நிற்கட்டும்' என்று வேதநூலில் ஒரு வரி. அதைக் காட்டியே அவன் மக்களை வழிபாட்டுக்கூடத்தின் கடைசி வரிசைக்குத் தள்ளினார்கள்; புத்தகத்தைத் தொடவும் விடவில்லை. அவர்கள் காதால் கேட்டே வேதத்தை மனப்பாடம் செய்தார்கள். ஆனால் அவர்கள் ஓதும்போது அந்த ஒரு வரி மட்டும் வராது. அதை 'நினைவுப்பிழை' என்று ஆய்வேட்டில் எழுதியிருந்தாள் அவள்.

"இடைவெளியெல்லாம் வெட்டின பிரதியைத்தானே கேட்டு வாங்கினீங்க? இது வெட்டாதது."

அவன் நாடாவை ஓடவிட்டான். ஒரு பெண்குரல் ஓதியது... நின்றது. ஐந்து நொடி. பிறகு அடுத்த வரி. வேறு ஊர், வேறு குரல்... அதே இடம், அதே ஐந்து நொடி.

"மறந்தவங்க தடுமாறுவாங்க. இவங்க வேணும்னே வாயை மூடிக்கிட்டாங்க. முதல் குரல் எங்கம்மா."

அவள் குடையைக் கீழே வைத்தாள். "அந்த வரியை முன்வரிசையில நின்னு உரக்க வாசிக்கிறது... எங்கப்பா."

உண்மையை எழுதினால் வீடு இரண்டுபடும். பட்டமும் தள்ளிப்போகும். பேராசிரியரை ஃபோனில் அழைத்தாள்.

"இன்னிக்குக் கொடுக்கல மேடம்... நான் எழுதினது தப்பு."

அடுத்த நாலு மாதமும் அந்த அறையே கதியென்று கிடந்தாள். ஒவ்வொரு நாடாவையும் இருவரும் சேர்ந்து கேட்டார்கள். அவன் விரல் தெரியாமல் பட்டால்கூட அவள் எழுதும் வரி கோணிக்கொண்டது. அவனோ 'வாங்க', 'போங்க' தாண்டவில்லை. பெரிய வீட்டுப் பெண்ணிடம் நாமாகப் போய் நிற்பதா என்ற வீம்பு...

சமர்ப்பிக்கும் நாள் வந்தது. அவள் முகம் வெளிறியிருந்தது.

"அப்பா படிச்சா என்ன சொல்வாரோன்னு பயமாங்க?"

"படிச்சிட்டார். மூணு நாளா பேசறதில்ல. அது பழகிடுச்சு... அவர்கிட்ட இன்னொண்ணும் சொல்லணும். அதை நினைச்சாத்தான் உதறுது."

"என்னதுங்க அது?"

"உங்களைப் பிடிச்சிருக்குன்னு..." அவள் நிமிர்ந்து அவனைப் பார்த்தாள். "முதல்ல உங்ககிட்ட சொல்லிடலாம்னு வந்தேன்."