இளம்பயிரில் நெய்த சீலை

“பிள்ளையைத் தொடாதேங்கோ அக்கா!”

கஞ்சிக் கோப்பையோடு வந்த ஜெயரூபி அறை வாசலிலேயே நின்றுவிட்டாள். உள்ளே ஐந்து வயது மிதுனா நோவு தாங்காமல் பாயில் சுருண்டு கிடந்தாள். இரத்தத்தில் நோய். இனி வீட்டில் வைத்துப் பாருங்கள் என்று ஆசுபத்திரியில் நேற்றுத்தான் அனுப்பியிருந்தார்கள்.

“ராத்திரி முழுக்க ஒண்டும் குடிக்கேல்லயே கஜந்தி...”

“நான் குடுக்கிறன். நீங்கள் வைச்சிட்டுப் போங்கோ.”

கஜந்தி, மிதுனாவின் தாய்; கொழுந்தன் கிருஷாந்தின் மனைவி. இந்தப் பாலையூற்று வீட்டுக்குக் கலியாணம் செய்து வந்த நாளிலேயே அவளுக்குச் சொல்லிவிட்டார்கள்: மாமியைச் சாகடித்தது ஜெயரூபியின் கை என்று.

அவர்கள் பயிர்நெய்வார் குலம். வேரோடு வயலில் நிற்கும் நெல்லை அறுக்காமல், அதன் தாள்களையே மடக்கிப் பின்னிச் சீலையாக நெய்வார்கள். நோயாளியை அந்தச் சீலையில் கிடத்தினால், வேர் நோயை உறிஞ்சி மண்ணுக்குள் விட்டுவிடும். ஒரு வீட்டு வயல் அந்த வீட்டுக்கு மூத்த மருமகளாக வந்த பெண்ணின் கைக்கு மட்டும்தான் மடங்கும். ஒன்பது வருடங்களுக்கு முன் கிளிவெட்டி வயலில் ஜெயரூபி மாமிக்கு நெய்தாள். மாமியைக் கிடத்திய ஒரு மணித்தியாலத்தில் சீலை கருகியது. மாமியும் போய்ச் சேர்ந்தாள். அன்றோடு கணவன் கனகரத்தினம் அவளோடு கதைப்பதை நிறுத்தினான்.

துறைமுக வேலைக்குப் புறப்பட்டு நின்ற அவன் முன்னால் போய் நின்றாள் ஜெயரூபி.

“இஞ்சேருங்கோ... நான் வயலுக்குப் போறன். பிள்ளைக்கு நெய்யிறன். பயிர் இளசுதான், உயிரைப் பிடிக்க ஏலாது... நோவையாவது எடுக்குமெல்லே!”

அவன் தம்பியைப் பார்த்தான். “கிருஷாந்த், அவவிட்டச் சொல்லு. அம்மாவைச் சாகடிச்ச கை இந்தப் பிள்ளையில படக்கூடாது.”

உள்ளேயிருந்து மிதுனாவின் குரல் கேட்டது. “பெரியம்மா... நோகுது பெரியம்மா...”

கிருஷாந்த் சுவரோடு சரிந்து இருந்துவிட்டான்.

“அண்ணி ஒண்டும் செய்யேல்ல அண்ணா! நான்தான்... அவ நெய்யிறதுக்கு முதல் நாள் பின்னேரம் வயலுக்குக் களைமருந்து அடிச்சனான். அளவு கூடிப்போச்சுது. அந்தப் பயிரிலதான் அம்மாவைக் கிடத்தினது... அண்ணிட்டச் சொல்லி அழுதனான். ‘உன்ர அண்ணன் உன்னை வெட்டிப்போடுவார், வாயைத் திறக்காதை’ எண்டு சொல்லிப் பழியைத் தன்ர தலையில போட்டுக்கொண்டவ!”

கனகரத்தினம் கதிரையில் சரிந்தான். சாப்பாட்டுப் பெட்டி கையிலிருந்து விழுந்தது.

கஜந்தி எழுந்து வந்தாள். கணவன் பக்கம் திரும்பவேயில்லை. ஜெயரூபியின் இரண்டு தோளையும் பிடித்து உலுக்கினாள்.

“ஏன் சொல்லேல்ல? நோய் கண்ட மாசம் நெல்லு கதிரோட நிண்டதே! நான் நெய்யிறன் எண்டு நீங்கள் வந்து கேட்டனீங்கள்... கொலைகாரி எண்டு நான் கதவைச் சாத்தினனான். நீங்கள் ஒரு சொல்லுச் சொல்லியிருந்தா உங்கட காலில விழுந்திருப்பனே அக்கா! என்ர பிள்ளை பிழைச்சிருக்குமே!”

ஒன்பது வருடமாகத் தியாகம் என்று ஜெயரூபி நெஞ்சுக்குள் பொத்தி வைத்திருந்தது, அந்தக் கேள்விக்கு முன்னால் வேறு ஏதோவாக ஆகிவிட்டது. அன்று கொழுந்தனைக் காப்பாற்றினாள். இன்று...

“வா கஜந்தி” என்றாள். “பிள்ளையைத் தூக்கு.”

மத்தியானத்துக்குள் கிளிவெட்டி போய்ச் சேர்ந்தார்கள். ஜெயரூபி முழங்கால் வரை சேற்றில் இறங்கினாள். பயிர் ஒரு முழம்கூட இல்லை. நுனியை இழுத்தால் அறுந்தது. மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு தாளாகப் பின்னினாள். விரல் வெட்டி இரத்தம் வந்தது. பிள்ளை அளவுக்கு ஒரு துண்டு, அவ்வளவுதான்.

கிடத்தியதும் மிதுனாவின் முகம் தெளிந்தது.

“குளிருது பெரியம்மா... நோகேல்ல.”

மூன்று மாதத்தில் முதல் தடவையாக அவள் கால் நீட்டிப் படுத்தாள். வரம்பில் நின்ற கொக்கைக் காட்டிச் சிரித்தாள். அம்மாவின் விரலைப் பிடித்தபடி கண்ணயர்ந்தாள். பொழுது சாய, சுற்றியிருந்த பயிர் வட்டமாக மஞ்சளானது. அப்போது பிள்ளையின் கை சில்லிட்டுப்போயிருந்தது.

பிள்ளையின் எட்டாம் நாள் சடங்கு முடிந்த மறுநாள் காலை ஜெயரூபி பையோடு முற்றத்துக்கு வந்தாள்.

“ரூபி... போகாதை” என்றான் கனகரத்தினம். “நான் பாவி. என்னை மன்னிச்சுக்கொள்.”

“உங்களில எனக்குக் கோவம் இல்லை. நான் வாயை மூடியிருந்ததில ஒரு பிள்ளை போயிட்டுது. இந்த வீட்டில இனி எனக்கு நித்திரை வராது. சல்லி ஊரில தங்கச்சி வீட்ட போறன்.”

படலையைத் திறந்து வீதியில் இறங்கினாள். பின்னால் யாரோ ஓடி வரும் சத்தம் கேட்டது. கஜந்தி... தலை வாரவில்லை, கையில் ஒரு சீலைப் பை. வந்த வேகத்தில் அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு நடுத்தெருவில் ஓவென்று அழுதாள்.

“நானும் வாறன் அக்கா! என்ர மனுசன்ர முகத்தைப் பாக்க எனக்கு ஏலாது. ஆனா உங்களை மன்னிச்சிட்டன் எண்டும் சொல்ல ஏலாது... இன்னும் ஏலாது.”

“சொல்ல வேண்டாம்.”

“அப்ப என்னைக் கூட்டிக்கொண்டு போவியளோ?”

ஜெயரூபி அவள் பையையும் வாங்கித் தன் தோளில் மாட்டிக்கொண்டாள். தூரத்தில் பஸ் வந்துகொண்டிருந்தது. இருவரும் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தார்கள்.