நாற்பதாவது ஆள்

"ஏங்க, மணி என்னன்னு பாத்தீங்களா? ரெண்டு மணிக்கு வரச் சொன்னா நாலு மணிக்கு வந்து நிக்கிறீங்க!"

வேன் கதவைத் தோளால் தள்ளிக்கொண்டு ஏறியவன் திகைத்து நின்றான். தலையிலிருந்து கால்வரை மழை. இரண்டு கைகளாலும் ஒரு நீளமான கறுப்புப் பெட்டியை நெஞ்சோடு அணைத்திருந்தான். பெட்டி நனையக் கூடாதென்று தான் முழுக்க நனைந்திருந்தான்.

"இல்லீங்க... நான் வந்து..."

"ஒண்ணும் சொல்ல வேண்டாம். செருப்பைக் கழட்டுங்க. பெட்டியை ஓரமா வைங்க. உங்க ஒருத்தருக்கோசரம் ரெண்டு மணி நேரமா காத்திருக்கேன்."

மாதேஸ்வரியின் கோபத்துக்குக் காரணம் இருந்தது. ஓசூர் பாகலூர் ரோட்டில் ஒரு காது மருத்துவமனையில் அவள் ஆடியாலஜிஸ்ட். மாதத்தில் நான்கு நாள் இந்த வேனோடு சிப்காட்டில் கம்பெனி கம்பெனியாகப் போய், மிஷின் சத்தத்தில் வேலை செய்கிறவர்களின் காதைச் சோதிக்க வேண்டும். அன்றைய பட்டியலில் நாற்பது பேர். முப்பத்தொன்பது பேர் வந்து போய்விட்டார்கள். இரும்புத் தகடு அடிக்கிற ப்ரெஸ் ஷாப் முனிசாமி மட்டும் வரவேயில்லை. இப்போதுதான் வருகிறார்... அதுவும் சிரித்துக்கொண்டு!

ஆம், அவன் சிரித்தான். ஏதோ சொல்ல வந்து, அவள் முகத்தைப் பார்த்து, சொல்லாமல் விட்டுவிட்டு, நல்ல பிள்ளையாகக் கண்ணாடி அறைக்குள் போய் உட்கார்ந்தான். மழைத்துளி தொங்கிய இமைகள்... அதற்குள்ளே குறும்பு பூத்த இரண்டு கண்கள்... முனிசாமி என்று பெயர் வைத்த வீட்டில் இந்தக் கண்களைக் கவனிக்கவே இல்லையா என்று ஒரு கணம் நினைத்துவிட்டு, தன்னையே அதட்டிக்கொண்டாள்.

"சத்தம் கேட்டா இந்தப் பட்டனை அமுக்கணும். எவ்ளோ மெல்லிசா கேட்டாலும் அமுக்கணும். புரியுதுங்களா?"

"புரியுதுங்க மேடம்."

ஹெட்போனை மாட்டியதும் அவன் கண்களை மூடிக்கொண்டான். வலது காதில் தொடங்கினாள். அவள் அசந்துபோனாள்... மற்றவர்களுக்குக் கேட்கவே கேட்காத ஒலிகளுக்கெல்லாம் அவன் விரல் அசைந்தது. ப்ரெஸ் ஷாப் ஆளுக்கு இப்படி ஒரு காதா!

இடது காது. தாழ்ந்த ஒலிகள் எல்லாம் சரி. நாலாயிரம் ஹெர்ட்ஸ்... விரல் அசையவில்லை. கூட்டினாள். அசையவில்லை. இன்னும் கூட்டினாள். ஆறாயிரம்... மேலும் கூட்டினாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவன் கண்களை மூடியபடி, அதே புன்னகையோடு, வராத ஒலிக்காகக் காத்திருந்தான்.

மாதேஸ்வரி திரையில் விழுந்த வரைபடத்தைப் பார்த்தாள். தினமும் பார்க்கிற வரைபடம்தான். ஆனால் அந்தப் புன்னகை...

அவன் வெளியே வந்தான். "பாஸா, ஃபெயிலா மேடம்?"

"உக்காருங்க. எத்தனை வருஷமா ப்ரெஸ் ஷாப்ல இருக்கீங்க?"

"ப்ரெஸ் ஷாப்பா? நான் இந்தக் கம்பெனியே இல்லீங்களே."

"என்னது?"

"மழைக்கு ஒதுங்க வந்தேன். நீங்க சொல்லவே விடல. பேரு கரியப்பன், ஊரு அஞ்செட்டி. சாயந்தரம் இங்க ஆண்டு விழா இல்ல? அதுல வாசிக்க வந்த பேண்டுல நான் சாக்ஸபோன்."

பட்டியலைப் பார்த்தாள். முனிசாமி, வயது ஐம்பத்தாறு. எதிரே நின்றவனுக்கு முப்பது இருந்தால் அதிகம். முகம் சிவந்துபோயிற்று. அதற்குள் அவன் பெட்டியைத் திறந்து, உள்ளே தண்ணீர் போயிருக்கிறதா என்று பார்த்தான். பொன்னிறத்தில் வளைந்து கிடந்தது சாக்ஸபோன். அதைப் பார்த்ததும் வெட்கம் போய்க் கவலை வந்தது. கையால் வேலை செய்கிறவனுக்கே இந்த வரைபடத்தைக் காட்டுவது கஷ்டம். இவன் காதால் வாழ்கிறவன்!

"சார்... உங்க இடது காதுல... மேல் ஸ்தாயி ஒலி ரொம்பக் கொறைஞ்சிருக்கு. சத்தத்தால வந்தது. இனிமே பாதுகாக்கலைன்னா..."

புன்னகை அணைந்தது. அவ்வளவு வேகமாக ஒரு முகம் மாறி அவள் பார்த்ததில்லை.

"உங்க மிஷினுக்குத்தான் காது கேக்கல. போய் அதை ரிப்பேர் பண்ணுங்க."

பெட்டியை எடுத்துக்கொண்டு கொட்டுகிற மழையிலேயே இறங்கிப் போய்விட்டான்.

முனிசாமி ஐந்து மணிக்கு வந்து, சோதனை முடிந்து போனார். வேன் கிளம்ப வழியில்லை. கேட் முன்னால் மழைத் தண்ணீரில் லாரிகள் வரிசையாக நின்றன. உள்ளே ஷெட்டில் ஆண்டு விழா தொடங்கிவிட்டது. போக வேண்டாம் என்று நினைத்தபடியே போய்க் கடைசி வரிசையில் நின்றாள்.

ராக் பேண்ட். கிட்டார் அலறியது. டிரம்ஸ் வாசித்தவன் மைக்கை இழுத்து, "இந்த பீஸை நீங்க எல்லாரும் கேட்டிருப்பீங்க! சினிமாவுல, எஃப்எம்ல, பஸ்ல! வாசிச்சவர் யாருன்னு யாருக்கும் தெரியாது. இதோ, நம்ம கரியப்பன்!" என்றான்.

கரியப்பன் முன்னால் வந்து ஊதினான்.

மாதேஸ்வரி அப்படியே உறைந்து போனாள். மூன்று வருடமாக மைசூர் ஹாஸ்டலிலும், பேரிகை ஊரில் தன் வீட்டிலும், அரசு பஸ்ஸின் ஜன்னலோரத்திலும் அவள் திரும்பத் திரும்பக் கேட்ட இசை. பாட்டில் அந்த இருபது வினாடி சாக்ஸபோனுக்காகவே மீதிப் பாட்டைப் பொறுத்துக்கொள்வாள். எங்கோ வெளிநாட்டில் யாரோ வாசித்தது என்று நினைத்திருந்தாள். அஞ்செட்டிக்காரனா! சற்றுமுன் தன் கண்ணெதிரே கண்ணை மூடி உட்கார்ந்திருந்தவனா!

கண்கள் தானாக நனைந்தன. அப்போதுதான் மேடையை ஆடியாலஜிஸ்டாகப் பார்த்தாள். அவன் இடது காதுக்கு ஒரு கை தூரத்தில் டிரம்ஸின் பித்தளைத் தட்டு. ஒவ்வொரு அடியும் அந்தக் காதில் நேராக விழுந்தது.

இடைவேளையில் அவள் மேடைக்குப் பின்னால் ஓடினாள். கையில் தொழிலாளர்களுக்குக் கொடுக்கிற ஆரஞ்சு நிற காதடைப்பான் இரண்டு.

"இதையாவது வச்சுக்குங்க... ப்ளீஸ்..."

கரியப்பனுக்குப் பக்கத்தில் டிரம்ஸ்காரன் வெங்கட் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தான். பேண்டின் தலைவனும் அவன்தான். "என்னடா, ரசிகையா?" என்று கண்ணடித்தான்.

"இவங்க யாருன்னே எனக்குத் தெரியாது" என்றான் கரியப்பன். அவளைப் பார்க்காமலே சொன்னான்.

அந்த ஒரு வாக்கியம் அவளைச் சுட்டது. யோசிக்காமல் வார்த்தை வந்துவிட்டது.

"தெரியாதா? உங்க இடது காது பாதி போயிருச்சு சார்! இன்னும் ஆறு மாசம் அந்தத் தட்டு பக்கத்துல நின்னீங்கன்னா மிச்சமும் போயிரும்!"

வெங்கட்டின் கையில் பாட்டில் அப்படியே நின்றது.

"காதா...? கரியா, என்னடா சொல்றாங்க இவங்க?"

கரியப்பன் மெல்ல முகத்தைத் திருப்பி மாதேஸ்வரியைப் பார்த்தான். அதில் கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பாள். வெறும் பயம்தான் இருந்தது... ஐயோ, என்ன காரியம் செய்துவிட்டேன்!

ஒருவரின் சோதனை முடிவை அவர் அனுமதி இல்லாமல் யாரிடமும் சொல்லக் கூடாது. கல்லூரியில் முதல் வாரம் சொல்லிக் கொடுத்த பாடம். மறுநாள் காலை அவளே மருத்துவமனைப் பெரிய டாக்டரிடம் போய் நடந்ததைச் சொன்னாள். எழுத்தில் எச்சரிக்கை வந்தது. வாங்கிக்கொண்டாள். ஆனால் அவனிடம் மன்னிப்புக் கேட்க வழியில்லை. நம்பர் இல்லை, விலாசம் இல்லை. சாப்பாடு இறங்கவில்லை. அந்தப் பாட்டை மட்டும் போடவே இல்லை.

பத்தாம் நாள் மத்தியானம், மருத்துவமனையில் அவள் அறை. வெளியே மழை. "அடுத்து யாருங்க?" என்று நிமிர்ந்தாள்.

கரியப்பன்!

நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டாள். "நீங்க... நான்... உங்களை எங்க தேடறதுன்னே தெரியல... அன்னிக்கு நான் பண்ணது பெரிய தப்புங்க..."

"வேன் மேல ஆஸ்பத்திரி பேரு, கோட்டுல உங்க பேரு... எனக்குத் தேடறது கஷ்டமில்ல. வெங்கட் மறுநாளே மெசேஜ் போட்டுட்டான்" என்றான் அவன், நின்றபடியே. "மைசூர் ப்ரோக்ராமுக்கு வேற ஆளாம். புது ஆல்பத்துக்கும் வேற ஆளாம். அஞ்சு வருஷம் ஒண்ணா வாசிச்சோம்."

"என்னாலதான்..."

"ஆமா. உங்களாலதான்."

அவள் தலை குனிந்தாள். சமாதானமாக ஒரு வார்த்தைகூட அவன் சொல்லவில்லை. அதுவே நியாயம் என்று அவளுக்கும் பட்டது.

"ஆனா அன்னிக்கு நானும் ஒரு பொய் சொன்னேன் மேடம். உங்க மிஷின்ல ஒரு கோளாறும் இல்ல. போன வருஷமே பெங்களூருல டெஸ்ட் எடுத்துட்டேன். இதே ரிசல்ட்டுதான்."

மாதேஸ்வரி விருட்டென்று நிமிர்ந்தாள். "தெரியுமா? தெரிஞ்சுமா அங்க நின்னு வாசிச்சீங்க?"

"தெரிஞ்சா எவன் கூப்பிடுவான்? ஒரு வருஷமா ஒருத்தருக்கும் தெரியாம மறைச்சேன். நீங்க பத்து நிமிஷத்துல கண்டுபுடிச்சு மூஞ்சிக்கு நேரா சொல்லிட்டீங்க... பயந்துட்டேங்க. அவ்ளோதான்."

உட்கார்ந்தான். பிறகு கொஞ்சம் கொஞ்சமாகப் பேச ஆரம்பித்தான். மாமா ஒருவர் தளி பக்கத்துக் கல்யாணங்களில் சாக்ஸபோன் வாசிப்பார். அவரோடு போய்ப் பழகியது. ஐ.டி.ஐ. முடித்து ஓசூரில் மூன்று வருடம் லேத் மிஷின். ஒருநாள் ஷிஃப்ட் முடிந்து பெங்களூரில் ஒரு ராக் கச்சேரி கேட்டுவிட்டு வந்து, மறுவாரம் வேலையை விட்டது. அப்பா ஒரு வருடம் பேசாமல் இருந்தது. அப்புறம் ஸ்டூடியோக்கள். அறுபது பாட்டுக்கு மேல் வாசித்திருக்கிறான்.

"ரெண்டு வரி வாசிச்சுட்டு வெளிய வந்து அத்திப்பள்ளி பஸ் ஏறிருவேன். பாட்டு ஊரெல்லாம் ஓடும். பக்கத்து சீட்டுக்காரன் போன்ல என் பீஸே ஓடும். நான்தான்னு சொன்னா நம்பவா போறான்?"

"நான் நம்புவேன்" என்றாள் அவள் சட்டென்று. சொன்ன பிறகு எங்கே பார்ப்பதென்று தெரியவில்லை.

அவன் அவளை ஒரு மாதிரி பார்த்தான். "இதைக் கேளுங்க. வெங்கட் என்னைக் கழட்டி விட்டதுக்கப்புறம் இனிமே மறைச்சு என்ன ஆகப்போகுதுன்னு, செவ்வாய்க்கிழமை ஸ்டூடியோவுல சவுண்ட் இன்ஜினியர் ராஜேஷ்குமார் சார்கிட்ட நானே சொல்லிட்டேன். 'சார், இடது காது சரியில்ல, ஹெட்போன் சத்தத்தைக் கொறைங்க'ன்னு. அவர் எந்திரிச்சுப் போய்க் கதவைச் சாத்துனாரு. போச்சு, வெளிய அனுப்பப் போறாருன்னு நினைச்சேன்..."

"அனுப்பிட்டாரா?"

"'டேய், எனக்கு ரெண்டு காதும்டா. பதினோரு வருஷமா'ன்னாரு."

மாதேஸ்வரி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"எனக்கும் இப்படித்தான் ஆச்சு! அப்புறம் ஒவ்வொருத்தர் பேரா சொல்றாரு. கிட்டார்காரர், தபலாக்காரர்... பாதிப் பேருக்கு இருக்காம். எல்லாரும் எல்லார்கிட்டயும் மறைக்கறோம். சத்தத்தைக் கொறைச்சுட்டு ரெண்டே டேக்ல ஓகே பண்ணாரு. வெங்கட் இன்னும் கூப்பிடல. கூப்பிடாமயே போகலாம். ஆனா பயம் போச்சுங்க. திட்டணும்னுதான் பஸ் ஏறினேன். இறங்கறப்ப திட்டு மறந்து போச்சு."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு தொழிலுக்குத் திரும்பினாள். போனது திரும்பி வராது. இருப்பதைக் காப்பாற்றலாம். காதின் அச்சு எடுத்து, அதற்கேற்ற அடைப்பான் செய்துவிட்டால் இசை தெளிவாகக் கேட்கும், சத்தம் மட்டும் குறையும். சொன்னதும் ஒத்துக்கொண்டான்.

அவனுக்கு வெகு அருகில் நின்று காதில் பஞ்சு வைத்தாள். சிரிஞ்சில் இருந்த மாவு போன்ற ரப்பரை மெல்ல நிரப்பினாள். முதலில் வலது, பிறகு இடது. அவள் விரல் பட்டபோது அவன் மூச்சு ஒரு தரம் தடுமாறியது. அவளுக்கும்தான்.

"அஞ்சு நிமிஷம் ஆடக் கூடாது" என்று கையால் சைகை காட்டினாள். இரண்டு காதும் அடைத்துவிட்டது. இனி மெதுவாகப் பேசினால் எதுவும் கேட்காது.

கேட்காது என்ற தைரியம்தான். சோதனை அறையின் கண்ணாடிப் பக்கம் திரும்பி நின்று, சிரிஞ்சைத் துடைத்தபடி, தனக்குத் தானே சொல்வது போல முணுமுணுத்தாள்.

"பத்து நாளா தூங்கலீங்க. நீங்க திட்டவாவது வரணும்னு மாதேஸ்வர சாமிகிட்ட வேண்டிக்கிட்டேன். வந்துட்டீங்க... இப்ப என்னடான்னா போகவே கூடாதுன்னு இருக்கு. எனக்கு உங்களை ரொம்ப..."

கடைசி வார்த்தையை வெட்கத்தில் குனிந்து தரையிடம் சொன்னாள்.

ஐந்து நிமிடம் ஆயிற்று. அச்சுகளை எடுத்தாள். அவன் கன்னம் சிவந்திருந்தது.

"வலிச்சுதுங்களா?"

"இல்லீங்க. ஒரு சந்தேகம்... மாதேஸ்வர சாமிகிட்ட வேண்டிக்கிட்டதெல்லாம் புரிஞ்சுது. 'உங்களை ரொம்ப'ன்னதுக்கு அப்புறம் குனிஞ்சுட்டீங்க. அது மட்டும் தெரியல."

அச்சு அவள் கையிலிருந்து நழுவி விழுந்தது. பூமி பிளந்து உள்ளே போய்விட மாட்டோமா என்றிருந்தது.

"எ... எப்படி...? காதுதான் அடைச்சிருந்துச்சே!"

"ஒரு வருஷமா எப்படிச் சமாளிச்சேன்னு நினைக்கறீங்க? ஸ்டூடியோவுல எல்லார் உதட்டையும் பாத்துத்தான். கண்ணாடியில உங்க முகம் நல்லாத் தெரிஞ்சுது."

"பொய்... அநியாயம் இது... சொல்லியிருக்கணும்ல நீங்க!"

"அன்னிக்கு வேன்ல நீங்க என்னைச் சொல்ல விட்டீங்களா?"

அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன அவளுக்கு. அவன் எழுந்து அருகில் வந்தான். குறும்பெல்லாம் போயிருந்தது.

"நான் முதல்ல சொல்லிடறேன் மாதேஸ்வரி. எனக்கு உங்களைப் புடிச்சிருக்கு. மேடைக்குப் பின்னால அந்த ஆரஞ்சுத் துண்டு ரெண்டையும் நீட்டினீங்களே... என் வாசிப்பைக் கேட்டு கை தட்டினவங்க நிறையப் பேரு. என் காதுக்கோசரம் ஓடி வந்தவங்க நீங்க ஒருத்தர்தான். அவங்களைப் போய் 'யாருன்னே தெரியாது'ன்னு சொன்னேன் பாருங்க... அதுதான் பத்து நாளா என்னைக் கொன்னுச்சு."

சொல்லிவிட்டுக் கண்களை மூடி, தலையைச் சாய்த்து, இடது காதை அவள் பக்கம் காட்டினான்.

"இப்ப நீங்க. அந்தக் கடைசி வார்த்தை. இந்தக் காதுல."

மாதேஸ்வரி எம்பி நின்று, அந்தக் காதோரம் உதட்டைக் கொண்டுபோய், மழைச் சத்தத்தைவிட மெல்லிசாகச் சொன்னாள்.

அவன் அசையவில்லை. ஒரு வினாடி... இரண்டு வினாடி... அவளுக்குப் பகீரென்றது. கேட்கவில்லையோ...?

கரியப்பன் கண்ணைத் திறந்தான். இமையில் ஈரம்.

"கேட்டுச்சுங்க" என்றான். "நல்லாக் கேட்டுச்சு."