அடைப்புக்குறிக்குள் ஒன்று

"என் கணக்குல கை வைக்க உங்களுக்கு யாருங்க உரிமை குடுத்தது?"

குடையை மடக்காமலே அச்சகத்துக்குள் நுழைந்தான் அந்த இளம் கணக்கு வாத்தியார். கணினி முன் இருந்தவள் நிமிர்ந்தாள். அடடா... கோபத்தில்கூட இவ்வளவு அழகான கண்களா! சட்டென்று தன்னையே அதட்டிக்கொண்டாள்.

அவன் நீட்டியது, அச்சுக்குத் தந்திருந்த பயிற்சிப் புத்தகத்தின் ஒரு பக்கம். காரணிப்படுத்துக: x³ + x². அவன் எழுதித் தந்த விடை x²(x). அவள் அடித்திருந்தது x²(x + 1).

"ரெண்டுலயும் எக்ஸ் ஸ்கொயர் பொது. வெளிய எடுத்தாச்சு. அப்புறம் ரெண்டாவதுல என்ன மிச்சம்? ஒண்ணுமில்ல!"

"ஒண்ணுமில்லன்னு யாரு சொன்னா? ஒண்ணு இருக்கு சார்," என்றாள் குறும்பாக. "எக்ஸுக்கு ரெண்டு போட்டுப் பாருங்க. கணக்குல பன்னிரண்டு வரும். உங்க விடையில எட்டுதான்."

அவனுக்குச் சுருக்கென்றது. அவசரத்தில் எழுதியது... தப்பு அவனுடையதுதான். ஒப்புக்கொள்ள வாய் திறப்பதற்குள் உள்ளேயிருந்து வந்தார் அச்சகக்காரர், அவளுடைய தாய்மாமா.

"எழுதினதை எழுதினபடி அடின்னு எத்தனை தடவை சொல்றது? இன்னொரு தடவை இப்படிச் செஞ்சா வேலைக்கு வராதே!"

அவள் அவனைப் பார்த்தாள். ஒரே ஒரு வார்த்தை சொல்லேன்... அவன் சொல்லவில்லை. வாத்தியார் என்ற கௌரவம் தடுத்தது. குடையைக்கூட மறந்துவிட்டுப் போய்விட்டான். அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு அந்த ஒன்றை அழித்தாள்.

மறுநாள் காலையில் கொட்டும் மழை. அச்சகம் திறந்ததும் தொப்பலாக நனைந்து வந்து நின்றான். நேரே மாமாவிடம் போனான்.

"தப்பு என்னுது சார். அவங்க போட்டதுதான் சரி. தயவு செஞ்சு அப்படியே அச்சடிங்க."

"நல்லவேளை, இன்னும் மெஷின்ல ஏத்தல!" என்று மாமா உள்ளே ஓடினார்.

இப்போது இருவர் மட்டும். அவள் முறைத்தாள். "குடைக்காக வந்தீங்களா?"

"உங்களுக்காக... நேத்து பேச வேண்டிய நேரத்துல ஊமையா நின்னேன். மன்னிச்சிடுங்க." ஈரத் தலையைக் கோதினான். "கோபத்தை வெளிய எடுத்தேன்... கௌரவத்தை வெளிய எடுத்தேன்... உள்ள மிச்சம் எதுவும் இருக்காதுன்னு நினைச்சேன்."

"இருந்துச்சா?" அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை.

"ஒண்ணு இருக்கு... நீங்கதான்."

முகம் சிவக்கத் திரைப்பக்கம் திரும்பினாள். அடைப்புக்குறிக்குள் + 1 என்று அடித்தாள்.

"இனிமே யார் சொன்னாலும் இதை அழிக்க மாட்டேன்," என்றாள், அவனைப் பார்க்காமலே.