கார்டு அவளிடம், மிஷின் அவனிடம்

பசுமாட்டுக்கு 'சித்தி' என்று பெயர் வைக்கிற பெண் இந்தப் புனே நகரத்திலேயே ஒருத்தியாகத்தான் இருக்க முடியும்... அந்த ஒருத்தி ஜான்சி.

அப்படியிருக்க, அந்த மாடு எவனோ ஒருவன் கையில், காலை எட்டேகால் மெட்ரோவில், பட்டினியாக நின்றுகொண்டிருந்தால் அவளுக்கு எப்படி இருக்கும்?

கட்கி ஸ்டேஷனில் ஏறும்போதே எரிச்சலில்தான் இருந்தாள். ஜூலை மழை... மடங்கிப்போன குடை... பாதி நனைந்த துப்பட்டா... உட்கார இடமும் இல்லை. கதவோரமாக, கடைசி சீட்டில் இருந்தவனின் தோளுக்குப் பக்கத்தில் கம்பியைப் பிடித்து நின்றாள். அவன் கையில் மடக்கித் திறக்கிற விளையாட்டு மிஷின் ஒன்று. சும்மா எட்டிப் பார்த்தாள்.

திரையில் ஒரு தொழுவம். தொழுவத்தில் ஒரு மாடு. மாட்டின் தலைக்கு மேல் ஆங்கில எழுத்தில் 'சித்தி'. மூலையில் பண்ணைக்காரியின் பெயர்... 'ஜான்சி'!

"ஏய்! சித்திக்கு ஏன் சாப்பாடு போடல?"

பெட்டியே திரும்பிப் பார்த்தது. தமிழில் கத்தியிருக்கிறோம் என்பது கத்திய பிறகுதான் உறைத்தது.

அவன் நிமிர்ந்தான். மழைத்துளி காயாத மூக்குக் கண்ணாடி. அதற்குப் பின்னால் இரண்டு பெரிய கண்கள்.

"யாரு... இந்த மாட்டையா சொல்லுதீங்க?" என்றான், சுத்தத் திருநெல்வேலித் தமிழில்.

"அது என் மாடு! என் பண்ணை! ஈஸ்டருக்கு வீடு ஒழிக்கறேன்னு எங்கம்மா பிஸ்கட் டப்பாவோட பழைய சாமான் எடுக்கற பங்கார்வாலா கிட்ட தூக்கிப் போட்ட என் கேம் கார்டு அது. உங்க கைக்கு எப்படி வந்துச்சு?"

"ஜூனா பஜார்ல, பழைய சாமான் கடைல வாங்கினேன்." அவன் அவளையே பார்த்தான். "அப்ப... நீங்கதான் ஜான்சியா?"

அந்தக் கேள்வியை அவன் கேட்ட விதம்! மூன்று மாதமாக ஒரே வீட்டில் குடியிருந்துவிட்டு இப்போதுதான் முகத்தைப் பார்க்கிறவன் மாதிரி... 'திருட்டுக் கண்ணு' என்று மனசுக்குள் திட்டினாள். திருட்டுக் கண்ணுக்கு இமை மட்டும் கொஞ்சம் அதிகப்படி நீளம். அதுவும் எரிச்சலாக இருந்தது.

"பழசை அழிச்சுட்டுப் புதுசா ஆரம்பிக்கவான்னு கேம் கேட்டுச்சுங்க. உள்ள பாத்தா முந்நூத்திப் பன்னண்டு மணி நேரம் யாரோ உழைச்சிருக்காங்க. அழிக்க மனசு வரல. அதான், விட்ட எடத்துலருந்து நானே பாத்துக்கிட்டேன்."

சொன்னானே, அதோடு நிறுத்தியிருக்கலாம். ஜான்சி கொஞ்சம் இளகியிருப்பாள். ஆனால் அதற்குள் திரையில் பண்ணை வீடு வந்தது. அடுப்படியில் ஒரு ஆண்பிள்ளை நின்றுகொண்டிருந்தான்.

"இவன் யாரு என் வீட்ல?"

"அது... கல்யாணம் பண்ணி வச்சுட்டேன்."

"என்னது?!"

"வீட்டைப் பெருசாக்கணும்னா கல்யாணம் ஆகணும்னு கேம் சொல்லுதுங்க. பாவம், ஏழு வருஷமா தனியா இருக்கா..."

"அதையேதான் எங்க வீட்லயும் சொல்றாங்க! அதுக்காக போயும் போயும் இந்த மீன்காரனையா? ஒன்பதாம் கிளாஸ்லருந்து இவனைக் கண்டாலே எனக்கு ஆகாது!"

பக்கத்தில் நின்ற ஒரு மராத்திக்கார அம்மா, தமிழ் புரியாவிட்டாலும் விஷயம் புரிந்தவர் போல, அவனைப் பார்த்து 'த்சொ' கொட்டினார். சிவாஜிநகர் வந்தது. ஜான்சி இறங்கினாள். ஸ்வார்கேட் வரை போக வேண்டிய அவனும் பின்னாலேயே இறங்கினான்.

அவன் பெயர் டேனியல். நிக்டியில் வீடு. லிஃப்ட் ரிப்பேர் செய்கிற வேலை. பிளாட்பாரத்தில் நின்று கார்டைக் கழற்றி அவள் உள்ளங்கையில் வைத்தான். கட்டைவிரல் நகத்தளவு கார்டு... அதைப் பார்த்ததும் அவளுக்கு அழுகை முட்டியது. அடுத்த நொடியே கோபம் வந்தது.

"இதை வச்சு நான் என்ன பண்றது? கழுத்துல மாட்டிக்கவா? என் பழைய மிஷின் பன்னெண்டாவது படிக்கும்போதே செத்துப்போச்சு!"

"இது அதுக்குப் பின்னால வந்த மாடல்ங்க. பழைய கார்டும் இதுல ஓடும்." கொஞ்சம் யோசித்தான். "கார்டு உங்ககிட்ட இருக்கட்டும். ஞாயித்துக்கிழமை நான் மிஷினைக் கொண்டுட்டு வாரேன்."

அப்படித்தான் ஆரம்பித்தது.

கட்கி பஜாரில் காசிம் பாய் ஓட்டல். ஞாயிறு காலை ஒன்பது மணி. தமிழ்ப் பூசை முடிந்து அவள் கார்டோடு வருவாள். நிக்டியிலிருந்து நனைந்துகொண்டே அவன் மிஷினோடு வருவான். இரண்டும் சேர்ந்தால்தான் பண்ணை. பதினொரு மணிக்கு அவள் கார்டைக் கழற்றிக்கொண்டு போய்விட்டால், அவன் கையில் இருப்பது வெறும் டப்பா.

அவள் விளையாடும்போது அவன் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்தால்தானே!

"மழை பெய்யும்போது யாராவது செடிக்குத் தண்ணி ஊத்துவாங்களா?"

"என் செடி. என் தண்ணி."

"கோழியை வெளிய விடாதீங்க. நாய் வரும்."

"எத்தனை வருஷமா கோழி வளக்கறேன், எனக்குச் சொல்றீங்களா?"

நாய் வந்தது. கோழி போயிற்று. அவன் டீ கிளாஸுக்குப் பின்னால் முகத்தை ஒளித்துக்கொண்டு சிரித்தான். ஜான்சிக்கு மிஷினாலேயே அவன் மண்டையில் ஒன்று போடலாம் போல இருந்தது. ஆனால் அந்தச் சின்னத் திரையை இரண்டு பேரும் பார்க்க வேண்டுமானால் தலைகள் பக்கத்தில் பக்கத்தில்தான் வர வேண்டியிருக்கிறது... அவன் சட்டையில் மழையும் கிரீஸும் கலந்த ஒரு வாசம்... வெளியே தகரக் கூரையில் மழை சடசடக்க, திரையின் வெளிச்சம் அவன் கண்ணாடியில் குட்டியாக மினுங்கும். 'இங்க என்ன பார்வை? மாட்டைப் பாரு!' என்று தன்னையே அதட்டிக்கொள்வாள்.

சனிக்கிழமை ராத்திரியே சுடிதார் இஸ்திரி போட ஆரம்பித்திருந்தாள். கேட்டால் பூசைக்கு என்பாள்.

பத்தாவது ஞாயிறு, டேனியல் இரண்டு மிஷினோடு வந்தான். நீல நிறத்தில் ஒன்றை அவள் பக்கம் நகர்த்தினான்.

"ஜூனா பஜார்ல உடைஞ்சு கிடந்துச்சு. திரையை மாத்தி, பட்டனெல்லாம் நானே சரி பண்ணுனேன். உங்களுக்குத்தான். இனிமே நீங்க அலைய வேண்டாம்லா... வீட்லயே எப்ப வேணாலும் விளையாடலாம்."

அலைய வேண்டாமாம்!

ஜான்சிக்கு நெஞ்சுக்குள் என்னவோ 'சொத்'தென்று விழுந்தது. 'ஓஹோ... தினம் நிக்டியிலருந்து வந்து சலிச்சுப் போச்சாக்கும். முகத்துக்கு நேரா சொல்ல முடியாம, மிஷினைக் கையில குடுத்து அனுப்பி வைக்கறான்.' வாரம் ஒரு நாள்தான் வருகிறான், தினம் இல்லை என்பதெல்லாம் கோபத்தில் நினைவுக்கு வரவில்லை.

"ரொம்ப தேங்க்ஸ்" என்றாள். எழுந்தாள். "நல்லது பண்ணீங்க. இனி உங்களுக்கும் தொந்தரவு இல்ல."

அவன் என்னவோ சொல்ல வாயைத் திறந்தான். அவள் நிற்கவில்லை. வெண்ணெய் தடவிய பன் மஸ்காவைக்கூடப் பாதியில் விட்டுவிட்டு மழையில் இறங்கிப் போனாள்.

மூன்று ஞாயிறுகள் போயின. போன் வரவில்லை. இவளும் செய்யவில்லை. அவனே செய்யட்டுமே... மிஷின் தந்து விரட்டியவன் அவன்தானே!

நீல மிஷின் அருமையாக ஓடியது. செடிக்குத் தண்ணீர் ஊற்றினாள். யாரும் எதுவும் சொல்லவில்லை. கோழியை வெளியே விட்டாள். யாரும் எதுவும் சொல்லவில்லை. மீன்காரன் அடுப்படியில் நின்று, "இன்று வானிலை நன்றாக இருக்கிறது" என்றான். மூடி வைத்துவிட்டாள்.

மூன்றாவது ஞாயிறு மதியம், மீன் கழுவிக்கொண்டே அம்மா ஆரோக்கியமேரி ஆரம்பித்தாள்.

"வனஜா சித்தி மறுபடியும் போன் பண்ணிட்டா. அந்த பாணேர் மாப்பிள்ளை வீட்டுக்கு இன்னிக்கு சாயங்காலத்துக்குள்ள பதில் சொல்லியாகணுமாம். நல்ல பையன், நல்ல குடும்பம், நம்ம வேதம். வேணாம்னா ஏன் வேணாம்னு சொல்லு. வாயில என்ன கொழுக்கட்டையா?"

"யோசிக்கறேன்மா."

"ஒரு மாசமா யோசிக்கற! விளையாட மிஷினும் வந்தாச்சு, அப்புறம் எதுக்கு மூஞ்சியத் தூக்கி வச்சிருக்க?"

சட்டென்று எழுந்தாள் ஜான்சி. நீல மிஷினைப் பையில் போட்டாள். அம்மா கேட்டுக்கொண்டே இருக்கும்போதே கதவைச் சாத்திவிட்டு, மாடிப்படியில் நின்று போன் செய்தாள்.

"எங்க இருக்கீங்க?"

"ஜான்சியா?" அவன் குரல் ஒரு மாதிரி ஆயிற்று. "ராஸ்தா பேட்ல ஒரு லிஃப்ட் நின்னுபோச்சு... வேலைல இருக்கேன்."

"எந்த பில்டிங்?"

"ஏன், நீங்க வந்து சரி பண்ணப் போறீங்களா?"

"பில்டிங் பேரைச் சொல்றீங்களா இல்லையா?"

சொன்னான். கொட்டுகிற மழையில் ஆட்டோ பிடித்தாள்.

பழைய நாலு மாடிக் கட்டடம். கம்பிக் கதவு போட்ட பழங்கால லிஃப்ட். கீழே அரை டிராயர் போட்ட ஒருவரும், இரண்டு பெண்களும், காய்கறிப் பையோடு ஒரு வயசான அம்மாளும் காத்து நின்றார்கள். "லிஃப்ட் கதீ சுரூ ஹோணார், தாதா?" என்று, லிஃப்ட் எப்போது ஓடும் எனக் கேட்டு அரை டிராயர் மேலே பார்த்து மராத்தியில் கத்தினார். மேலேயிருந்து ஸ்பேனர் சத்தம் மட்டும் வந்தது.

ஜான்சி அவரை ஒதுக்கிவிட்டுக் கம்பிக்குள் முகத்தை வைத்தாள்.

"டேனியல்! மிஷின் சரியில்ல!"

சத்தம் நின்றது.

"என்ன ஆச்சு? ஆன் ஆகலையா?"

"ஆகுது."

"பட்டன் வேலை செய்யலையா?"

"செய்யுது."

"பின்ன?"

"எல்லாம் நல்லாத்தான் இருக்கு! அதான் பிரச்னை!" எவனுக்குப் புரியப்போகிறது இங்கே என்ற தைரியத்தில் இன்னும் உரக்கக் கத்தினாள். "தப்பு சொல்ல ஆளில்ல. சிரிக்க ஆளில்ல. எனக்கு எதுக்கு அந்த மிஷின்? அலைய வேண்டாம்னு யார் உங்ககிட்ட கேட்டா?"

மேலே ஸ்பேனரைக் கீழே வைக்கிற சத்தம் கேட்டது. பிறகு தயங்கித் தயங்கி இறங்கி வந்தது அவன் குரல்.

"நீங்க எனக்காக வாரீங்களா, மிஷினுக்காக வாரீங்களான்னு எனக்குத் தெரியலங்க. கையில மிஷின் இருந்தும் வந்தீங்கன்னா... எனக்காகன்னு தெரிஞ்சிரும்லா. அதுக்குத்தான் குடுத்தேன்."

ஜான்சி கம்பியை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"அறிவிருக்கா? அதை வாயத் திறந்து கேட்டிருக்கலாம்ல? ஒரு போன் பண்ணியிருக்கலாம்ல?"

"பண்ணுனா நீங்க வந்துருவீங்க. அப்புறம் எப்படித் தெரியும்?"

"கடவுளே!" என்றாள் ஜான்சி. "இன்னிக்கு சாயங்காலம் எங்கம்மா இன்னொருத்தனுக்கு சரின்னு சொல்லப் போறாங்க. நீங்க அங்க உக்காந்து கணக்குப் போடுங்க!"

"ஏம்ப்பா!" திடீரென்று காய்கறிப் பை அம்மாள் தமிழில் பேசினாள். "நான் சாவித்ரி, நாலாம் நம்பர் வீடு. லிஃப்ட் அப்பறம் ஆகட்டும். அந்தப் பொண்ணு மழைல நனைஞ்சுண்டு வந்து நிக்கறா. இறங்கி வந்து நேர்ல பதில் சொல்லு!"

ஜான்சிக்கு முகம் காதுவரை சூடாயிற்று. மேலே தடதடவென்று படிச் சத்தம். மூன்று மாடியையும் ஒரே ஓட்டமாக இறங்கி வந்தான். கன்னத்தில் கிரீஸ், கண்ணாடி ஒரு பக்கம் சரிந்து, பேச முடியாத மூச்சிரைப்பு. மாமி நகர்ந்து வழி விட்டாள். அவன் கைகளைச் சட்டையிலேயே துடைத்தான்.

"மூணு ஞாயிறும்... காசிம் பாய் கடைக்குப் போனேன்" என்றான். "கார்டு இல்லாத மிஷினைத் திறந்து வச்சுக்கிட்டு... ஒன்பதுலருந்து பதினொண்ணு வரைக்கும் உக்காந்திருந்தேன். காசிம் பாய் கேட்டாரு, வெறும் திரையில என்ன பாக்குதேன்னு."

"என்ன சொன்னீங்க?"

"ஒரு பொண்ணு வரணும்னு சொன்னேன்." கண்ணாடியைக் கழற்றினான். அந்த நீள இமைகளில் ஈரம். "எனக்கு உங்களை ரொம்பப் பிடிச்சிருக்கு, ஜான்சி. அந்த மாப்பிள்ளைக்கு சரின்னு சொல்லாதீங்க."

அவள் போனை எடுத்தாள்.

"அம்மா... வனஜா சித்திகிட்ட வேண்டாம்னு சொல்லிடு. ஏன்னா, ஒருத்தனைப் பிடிச்சிருக்கு. கத்தாத, சாயங்காலம் கூட்டிட்டு வரேன், நீயே பாத்துக்கோ."

போனை வைத்தாள். அவன் இன்னும் வாய் பிளந்து நின்றான்.

"என்ன பாக்கற? எனக்கு மட்டும் பிடிக்காமயா அம்மா முகத்துல கதவைச் சாத்திட்டு இங்க வந்து நிக்கறேன்... மக்கு!"