உள்நோக்கி வரும் காற்று

செத்த ஒலி நேற்று இருந்த இடத்தில் இன்று இல்லை.

லரீசா பித்தளைச் சுத்தியலால் மறுபடியும் தட்டிப் பார்த்தாள். கணீர். ஒரு சாண் தள்ளித் தட்டினாள். அங்கேயும் கணீர். நேற்று சாயங்காலம் இதே இடம் வேகாத ரொட்டியின் அடியைத் தட்டியதுபோல மொத்தென்றது. அவளே சாக்கட்டியால் வட்டம் போட்டு வைத்திருந்தாள். வட்டம் இருந்தது. ஒலி மட்டும் குணமாகியிருந்தது.

விமானக் கூடாரத்துக்குள் மண்ணெண்ணெய் வாடையும், ஈரக் கம்பளிக் கோட்டின் வாடையும், பாதி மட்டும் சூடேறும் வெந்நீர்க் குழாய்களின் துரு வாடையும் கலந்து குளிரோடு உறைந்து நின்றன. கூரைக் கண்ணாடியில் பனி மூடியதால் மதிய வெளிச்சமே சாம்பல் பூத்திருந்தது. அந்தச் சாம்பலில் கறுப்பாக நின்றது விமானம். மற்றப் போர் விமானங்களின் இறக்கைகள் தகைவிலான் குருவியின் சிறகுபோலப் பின்னால் சாய்ந்திருக்கும். இதன் இறக்கைகள் முன்னால் நீண்டிருந்தன, கட்டிக்கொள்ள ஓடி வருகிறவனின் கைகளைப்போல. உலோக இறக்கையை அப்படி வைத்தால் காற்று முறுக்கிப் பிய்த்துவிடும். அதனால்தான் கரி இழைத் துணியை அடுக்கடுக்காக ஒட்டிச் செய்தார்கள். அந்த அடுக்குகளில் எங்காவது ஒட்டு விட்டிருக்கிறதா என்று தட்டிக் கேட்பதுதான் பொறியாளர் லரீசாவின் வேலை. அதை ஓட்டுவது அவள் கணவன் ரோதியனின் வேலை.

"எங்கே, காட்டுங்க." தலைமைப் பொறியாளர் வலேரியன் குஸ்மிச் கையுறையைக் கழற்றாமலே வந்து நின்றார். இந்த வாரம் அவள் அவரை அழைப்பது முதல் தடவை அல்ல.

"இங்கதான் இருந்துச்சு."

"இருந்துச்சுன்னா? இப்ப எங்க, கேன்டீனுக்குச் சாப்பிடப் போயிருக்கா?"

ஏணியைப் பிடித்துக்கொண்டிருந்த மெக்கானிக் ஜகார் சிரிப்பை மீசைக்குள் அடக்கினான்.

"அடுக்கு விட்டுப்போனா தானா ஒட்டாது, வலேரியன் குஸ்மிச்."

"அதையேதான் நானும் சொல்றேன். தானா ஒட்டாது. அப்ப விட்டுப்போகவே இல்ல. எக்ஸ்ரேயும் எடுத்தாச்சு, சுத்தமா இருக்கு." குரலைத் தணித்துக்கொண்டார். "லரீசா பாவ்லவ்னா, புருஷன் ஓட்டுற வண்டிய பொண்டாட்டி சோதிக்கக் கூடாதுன்னு அப்பவே சொன்னேன். நீங்க தட்டித் தட்டியே ஓட்டை போட்டுருவீங்க. நாளைக்குப் பறக்குது. வீட்டுக்குப் போய் அவனுக்குச் சூடா எதாவது செஞ்சு குடுங்க."

அவர் போன பிறகும் அவளுக்குக் காது மடல் எரிந்தது. பன்னிரண்டு வருஷப் படிப்பும் வேலையும் ஒரு கிண்டலில் ஊதித் தள்ளப்பட்டன. பல்லைக் கடித்துக்கொண்டு இறக்கை நெடுகத் தட்டினாள். கணீர். கணீர். கணீர்.

மொத்.

வட்டத்திலிருந்து ஒரு முழம் தள்ளி. விமானத்தின் உடல் பக்கமாக.

அவள் இறக்கையின் நீளத்தைப் பார்த்தாள். முதல் பறப்புக்குப் பிறகு போட்ட வட்டம் நுனியில், பாதி அழிந்து கிடந்தது. அடுத்தது அதற்கு உள்ளே. அதற்கடுத்தது இன்னும் உள்ளே. இப்போது இது, விமானி அறையின் விளிம்புக்குக் கீழே. ஏதோ ஒன்று நுனியில் ஏறி, ஒவ்வொரு பறப்புக்கும் கொஞ்சம் கொஞ்சமாகவும், நேற்றிரவு பறக்காமலேயும் நகர்ந்து வந்திருந்தது.

சாதாரண இறக்கையில் காற்று நுனியை நோக்கி வழுக்கி வெளியே போய்விடும். இதில் உள்நோக்கி வரும். அதுதான் இந்த வடிவத்தின் பெருமை. இதை எத்தனை கூட்டங்களில் அவளே விளக்கியிருக்கிறாள். மேலே காற்றோடு எது வந்து நுனியில் தொற்றினாலும் அதுவும் உள்ளேதான் வரும் என்று அவள் நினைத்துப் பார்த்ததில்லை.

முதல் பறப்பன்று ரோதியன் ஏறியதும் கண் படாமலிருக்க மூன்று தட்டுத் தட்ட ஒரு மரத்துண்டைத் தேடினாள். ஏணி அலுமினியம், பெட்டிகள் தகரம். என்ஜின் இரைந்துவிட்டது. அவசரத்தில் இறக்கையின் நுனியிலேயே தட்டினாள். டொக், டொக், டொக். மரத்தைத் தவிர வேறெதையும் தட்டாதே என்று அம்மா சொல்வாள். மரம் கேட்டுக்கொள்ளும், மற்றது பதில் சொல்லும்.

சுத்தியலைக் கீழே இறக்கினாள். கூடாரம் அமைதியாக இருந்தது. குழாயில் எங்கோ நீர் களகளத்தது.

அவள் உள்ளங்கைக்கு அடியில், கறுப்புத் தோலுக்கு உள்ளே:

டொக். டொக். டொக்.

"ஜகார்!"

அவன் வந்து காதை வைத்தான். சுத்தியலை வாங்கித் தானே தட்டினான். கணீர்.

"குளிர்ல குழாய் சுருங்குது, அக்கா," என்றான். "எனக்கும்தான் சுருங்குது."

வீட்டில் ரோதியன் ஸ்டூலில் உட்கார்ந்து உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தான். அவள் எல்லாவற்றையும் கொட்டினாள். சொல்லச் சொல்லத் தன் காதுக்கே பைத்தியக்காரத்தனமாகக் கேட்டது. அந்த எரிச்சலில் பாதியிலேயே நிறுத்தினாள்.

"ஓ, அந்தத் தட்டலா," என்றான் அவன்.

அவன் சீவுவதை நிறுத்தவில்லை. தோல் நீளமாகச் சுருண்டு விழுந்தது.

"மேல போனதும் கேக்கும், லாரா. முதல்ல தூரமா கேட்டுச்சு. இப்ப இடது தோளுக்குப் பக்கத்துல. மூணு தட்டு, உன்னோடது மாதிரியே. நீ கூட வர்ற மாதிரி இருக்கும். நல்லாத்தான் இருக்கு."

"ஏன் யாருகிட்டயும் சொல்லல?"

"டாக்டர்கிட்டயா? மறுநாளே என்னைப் பென்ஷன்ல உக்கார வெச்சிருவாங்க." அவள் மூக்கு நுனியில் ஈரக் கையால் ஒரு சொட்டு வைத்தான். "நீ நல்லா இருக்குன்னு சொன்ன இறக்கைலதான் நான் இத்தன நாள் பறந்தேன். முகத்தத் தூக்கி வெச்சுக்காத."

"நாளைக்குப் போகாத."

"போகலன்னா சந்தைல ஜெர்மன் சாசேஜ் விக்கப் போகட்டுமா?"

விடியும் முன்பே அவள் முடிவு செய்துவிட்டாள். பெரிய சுத்தியல். ஒரே அடி. தோல் கிழிந்தால் யாரும் அதைப் பறக்க விடமாட்டார்கள். வேலை போகட்டும், வழக்கே வரட்டும். ரோதியனை மருத்துவப் பரிசோதனைக்குக் கார் வந்து அழைத்துப் போனதும், பனியில் வழுக்கி வழுக்கிப் பேருந்தைப் பிடித்தாள். வாசல் காவலன் அவள் அட்டையைப் புதிதாகப் பார்ப்பதுபோலத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"ஏழு வருஷமா இதே மூஞ்சிதான்யா. விடுய்யா," என்றாள்.

கூடாரம் காலியாக இருந்தது. தரையில் விமானம் நின்ற இடம் மட்டும் ஈரம் காய்ந்து தெரிந்தது.

"மூடுபனி வருதாம்," என்றான் ஜகார். "சீக்கிரமே இழுத்துட்டுப் போயிட்டாங்க."

வெளியே வானம் கிழியும் சத்தம். அவள் பெரிய சுத்தியலோடு அப்படியே நின்றாள்.

விமானம் திரும்பி வந்தது. எந்தக் குறையும் இல்லாமல் பனி ஓடுபாதையில் மெத்தென்று இறங்கியது. ரோதியன் ஏணியில் இறங்கி, யாரோடும் பேசாமல், தலைக்கவசத்தை அணைத்துக்கொண்டு நடந்து போனான். லரீசா ஓடிப்போய் இறக்கையைத் தட்டினாள். கடைசி வட்டம், கணீர். நுனிவரை தட்டினாள். வலது இறக்கையும். எங்கும் கோயில் மணிபோலச் சுத்தமான ஒலி.

"பாத்தீங்களா," என்றார் வலேரியன் குஸ்மிச். அவள் அவர் கோட்டில் முகம் புதைத்து அழுதாள். அவரும் கையுறையைக் கழற்றி அவள் தலையைத் தடவினார்.

அன்று சாயங்காலம் இறைச்சிக் கொழுக்கட்டை வேகவைத்து, மேலே புளிப்புப் பாலேடு ஊற்றி வைத்தாள். அவன் தொடவில்லை. கிண்டலும் இல்லை. இடது தோளை அடிக்கடி அசைத்து, வறட்டு இருமல் இருமினான்.

"சளி புடிச்சிருச்சா? சட்டையக் கழட்டு. மருந்து தேய்ச்சு விடறேன்."

அவன் ஸ்டூலில் அவளுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தான். விளக்கொளியில் அந்த முதுகு அவளுக்குத் தெரிந்த முதுகுதான், இடுப்புக்கு மேலே அதே மச்சம். டாக்டர்கள் செய்வதுபோல ஒரு விரலை வைத்து இன்னொரு விரலால் தட்டினாள். விலாவுக்குக் கீழே சத்தம், உள்ளே காற்று இருப்பதுபோல வெறுமையாக, நன்றாகவே இருந்தது. இடது தோள் பக்கம் மேலே போனாள்.

மொத்.

விரலைத் தள்ளி வைத்தாள்.

மொத்.

"ரோத்யா?"

அவன் இருமல் நின்றிருந்தது. குழாய் சொட்டியது. அடுப்பில் நீர் கொதித்தது. அவள் கை அவன் முதுகிலேயே ஒட்டியிருந்தது. எடுக்க முடியவில்லை.

தோலுக்கு அடியிலிருந்து அவள் உள்ளங்கையில்.

டொக்.

டொக்.

டொக்.

அவன் கைகள் இரண்டும் மெல்ல எழும்பி, முழங்கை மடங்காமல், விறைப்பாக முன்னால் நீண்டன. பிறகு, அந்தக் கைகளைத் தாழ்த்தாமலே, அவன் ஸ்டூலோடு அவள் பக்கம் திரும்பத் தொடங்கினான்.