காவல் வெளிச்சம்

மணிமொழி விளக்கை ஊதி அணைத்தாள். திரி கருத்தது, புகை எழுந்தது, எண்ணெய் கருகிய வாசனையும் வந்தது. சுவரில் விழுந்திருந்த வெளிச்சம் மட்டும் போகவில்லை.

ஜன்னலுக்கு வெளியே விடிந்துகொண்டிருந்தது. அந்த வெளிச்சமாகத்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டாள். அதற்கு மேல் யோசிக்கத் தெம்பில்லை. ரொம்ப காலம் கழித்து நேற்றுதான் அசந்து தூங்கியிருந்தாள். ஆனால் ரெண்டு வருஷத்து அசதி ஒரு ராத்திரியில் போய்விடுமா?

ரெண்டு வருஷத்துக்கு முன்னால் வெள்ளிமலை ஏறும் வழியில் ஒரு வளைவில் அவள் கணவன் கலையரசனின் ஜீப் உருண்டது. அதிலிருந்து இடுப்புக்குக் கீழே அவனுக்கு உணர்ச்சியில்லை. முதுகில் மட்டும் வலி, அதுவும் இருட்டினால்தான் வரும். புண் வராமல் அவனைப் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும், தண்ணீர் கொடுக்க வேண்டும், சும்மாவாவது கையைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டும். பகலில் பக்கத்து வீட்டு இருசம்மாள் எட்டிப் பார்த்துக்கொள்வாள். மணிமொழி கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடி அறையில் பழைய ஓலைச்சுவடிகளைத் துடைத்து, எண்ணெய் தடவி, ஒவ்வொன்றாக ஸ்கேன் செய்வாள்.

அங்கேதான் அந்தச் சுவடிக்கட்டு வந்தது. வெள்ளிமலையிலிருந்து வெள்ளச்சி என்ற பெண் துணியில் சுற்றிக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்து, போன் நம்பரை மட்டும் சொல்லிவிட்டு, ரசீதுகூட வாங்காமல் போனாள். எல்லாம் விளக்கு ஏற்றும் முறைகள். காணாமல் போன மாட்டைத் தேட ஒரு விளக்கு, முள் தைத்த காலுக்கு ஒரு விளக்கு, காய்ச்சல் கண்ட குழந்தைக்கு ஒரு விளக்கு. யாருக்கும் கெடுதல் நினைக்கும் ஒரு வரிகூட அதில் இல்லை. நோயாளியின் பக்கத்தில் விழித்திருந்து களைத்தவளுக்கும் ஒன்று இருந்தது. அவள் தலைமுடி ஒன்றைத் திரியோடு முறுக்கி ஏற்றினால் அவள் தூங்கலாம், வெளிச்சம் காவல் இருக்கும் என்றிருந்தது. அந்த ஓலையை ஸ்கேன் செய்யும்போதே மணிமொழிக்குக் கண்ணில் நீர் முட்டியது. நம்பிக்கையால் ஏற்றவில்லை. களைப்பால்தான் நேற்று ராத்திரி ஏற்றினாள்.

"ராத்திரி நல்லா தூங்குனீங்களா?" என்று கஞ்சி ஊட்டும்போது கேட்டாள்.

"வலியே தெரியல. நீதான் விடிய விடிய என் கையப் புடிச்சிக்கினு இருந்தியே" என்றான் கலையரசன்.

அவளோ விடியும்வரை அவன் கால்மாட்டில் பாயில் புரளாமல் தூங்கியவள். அவன் வாயைத் துடைத்துவிட்டு வேலைக்குக் கிளம்பினாள்.

சாயங்காலம் மழை மேகம் திரண்டிருக்க, பஸ்ஸை விட்டு இறங்கி வந்தபோது இருசம்மாள் வாசலிலேயே நின்றிருந்தாள்.

"பகல்லயே லைட்டப் போட்டுட்டுப் போயிட்டியே, கண்ணு கூசுதும்மா. நான் உள்ள போவல. உள்ளதான் ஆளு இருந்துதே. யாரு அது, உன் தங்கச்சியா? உன்னாட்டமே கீது."

மணிமொழிக்குத் தங்கச்சி கிடையாது.

உள்ளே போனாள். கலையரசன் கண் திறந்தபடி சிரித்துக்கொண்டு படுத்திருந்தான். பல்பு எரியவில்லை. ஆனாலும் அறை முழுக்க வெளிச்சம், மோரின் நிறத்தில், எந்தப் பக்கத்திலிருந்து வருகிறதென்று தெரியாத வெளிச்சம். கட்டிலுக்கு அடியில்கூட இருட்டில்லை. ஃபேனுக்கு நிழல் இல்லை, தண்ணீர்ச் சொம்புக்கு நிழல் இல்லை, நீட்டிப் பார்த்த அவள் கைக்கும் இல்லை. சுவரில் ஒரு பல்லி அசையாமல் ஒட்டியிருந்தது. அதன் தோல் வழியே சின்னச் சின்ன எலும்புகள் வரிசையாகத் தெரிந்தன.

வெளியே வந்து வெள்ளச்சியின் நம்பரைத் தேடிப் போன் போட்டாள்.

"அக்கா, சுவடியில இருந்த காவல் வெளக்க அணைச்சும் வெளிச்சம் போவ மாட்டேங்குது. இன்னா பண்றது?"

அந்தப் பக்கம் காற்று இரைந்தது.

"ஏத்திட்டியாம்மா..." என்றாள் வெள்ளச்சி. "ஏத்தறதுக்குத்தான் அதுல எழுதியிருக்குது. அணைக்கறதுக்கு எழுதல. எங்க மாமியாருக்கு முடியாம போனப்ப ஏத்துனோம். அவங்க இன்னும் அந்த ரூம்லதான் இருக்கறாங்க."

"உயிரோடயா?"

"கதவ சாத்தி வெச்சிருக்கறோம்மா. இடுக்குல வெளிச்சம் வந்துக்கினே இருக்குது. வூட்டுல வெச்சிக்க பயந்துதான் உங்ககிட்ட குடுத்தேன். நீ படிச்சி ஏத்துவேன்னு தெரியாது."

மழை பிடித்துக்கொண்டது. மணிமொழி விளக்கைத் தூக்கிக் கிணற்றில் போட்டாள். மெயின் சுவிட்சை இறக்கினாள். சுவரில் போர்வையைத் தொங்கவிட்டாள். போர்வையின் ஒவ்வொரு இழையும் தெரியும்படி வெளிச்சம் அதைத் தாண்டி வந்தது. நனைந்த சாக்கைப் போட்டாள். சாக்கும் பயனில்லை. மூச்சு வாங்கியது. முட்டி வலித்தது. இந்த வீட்டில் இதுவும் அவள் வேலைதான் போலிருந்தது.

பின்னால் கட்டில் முனகியது.

திரும்பினாள்.

கலையரசன் உட்கார்ந்திருந்தான். ரெண்டு வருஷமாக உட்காராதவன். வலது கையைப் பக்கத்தில் நீட்டியிருந்தான், யாரோ பிடித்திருப்பதுபோல. அந்தக் கையில் விரல் எலும்புகள் தெரிந்தன. பிறகு முன்கை. பிறகு விலா. சட்டையைத் தாண்டித் தெரிந்தன. நடுவில் இருதயம் சுருங்கி விரிந்தது.

"மணி, வலியே இல்ல" என்றான். வாயைத் திறந்தபோது உள்ளேயும் வெளிச்சம். "நீ தூங்கு. இவ பாத்துக்கறா."

கதவு திறந்துதான் இருந்தது. வெளியே நல்ல இருட்டு, மழையின் இருட்டு. இருசம்மாள் வீடு எட்டும் தூரம்தான்.

ஓடலாம்.

அவனை விட்டுவிட்டா?

கால் எழவில்லை. பயத்தால் அல்ல. அவ்வளவு அசதி. ரெண்டு வருஷத்தில் முதல் தடவையாக, இருட்டின பிறகும் அவன் வலியில்லாமல் பேசுகிறான். அவளைத் தூங்கச் சொல்கிறான். அதைக் கேட்டதும் உடம்பு தானாகத் தளர்ந்தது. பாயில் முட்டி போட்டாள். படுத்தாள்.

யாரோ அவள் கையைப் பிடித்தார்கள். வெதுவெதுப்பாக இருந்தது.

கண்ணை இறுக்கி மூடினாள்.

மூடிய இமை வழியே கூரை தெரிந்தது. ஃபேன் தெரிந்தது. மேலே குனிந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்த அவளுடைய முகம் தெரிந்தது. அதற்கு இமைகள் இல்லை.