பிணைத்த மூச்சு

இரண்டாவது வரிக்கு முன்னால் ஒரு மூச்சு இருந்தது.

கீர்த்தி பாட்டை நிறுத்தி, பின்னுக்குத் தள்ளி, மறுபடி கேட்டாள். முதல் வரி முடிந்து, தம்புராவின் ஒலி மட்டும் அடியில் ஓடிக்கொண்டிருக்க, யாரோ மூக்கால் மெதுவாக, நிதானமாக, வெகுதூரம் நடக்கப் போகிறவர்போலக் காற்றை இழுக்கும் ஓசை. அது முடிந்த இடத்தில் அவளுடைய குரல். மூன்றாவது வரிக்கு முன்னாலும் அந்த மூச்சு இருந்தது. நான்காவதற்கும். பாட்டின் கடைசிவரை இருந்தது.

முதல் வரிக்கு முன்னால் மட்டும்தான் அது இருக்க வேண்டும். அதை வைத்தது அவள்தான்.

காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்து வீட்டின் பின்னறை அவளுடையது. முன்கூடத்தில் அப்பா நெய்துகொண்டிருந்தார். தறி அடிக்கும் அதிர்வு சுவர் வழியாக இறங்கி அவள் பாதத்தில் ஏறியது. பிறந்ததிலிருந்து கேட்பதால் அது அவளுக்கு ஒரு சத்தமே இல்லை. ஜன்னலுக்கு வெளியே சாயத் தண்ணீர் ஓடும் கால்வாயின் புளித்த வாடை. செவ்வாய்க்கிழமை, மாலை ஆறு மணி. பாட்டு வெள்ளிக்கிழமை வெளியாகிறது.

நான்கு வருடங்களாக அவள் இணையத்தில் வீடியோ போட்டு, மற்றவர்களின் குரலுக்கு வாயசைத்திருக்கிறாள். பதினொரு லட்சம் பேர் பார்க்கிறார்கள். அவளுக்கு ஒரே ஒரு பெருமை உண்டு. உதடு பிசகாது. சத்தத்தை அணைத்துவிட்டு ஒருவர் வாயை மட்டும் காட்டினால், அவர் என்ன சொல்கிறார் என்று சொல்லிவிடுவாள். அவ்வளவு பழக்கம். ஆனாலும் வாயசைக்கிற பொம்மைக்குப் பாட்டு எதற்கு என்று தினமும் யாராவது எழுதினார்கள். போன மாதம் நேரலையில் அவள் அதற்குப் பதில் சொன்னாள். இந்தப் பாட்டில் இருப்பது என் குரல் மட்டும்தான், வேறு யாருடையதும் ஓர் இழைகூட இல்லை. சொல்லும்போது அது உண்மையாக இருந்தது.

மூன்று வாரங்களுக்கு முன் பதிவு நடந்தது. ஊரின் ஓரத்தில், செவிலிமேட்டில், பிரேம்நாத் தன் வீட்டு மாடியில் ஒலிப்பதிவு அறை வைத்திருந்தார். மெட்டை முதலில் ஒருவர் முழுதாகப் பாடிக் கொடுப்பார். அதைக் காதில் கேட்டபடி பாடகி பாடுவாள். பிறகு முதல் குரலை அழித்துவிடுவார்கள். டிராக் பாடுவது என்று அதற்குப் பெயர். டிராக் பாட வாலாஜாபாத்திலிருந்து துளசி வந்திருந்தாள். நாற்பது வயது இருக்கும். கல்யாணக் கச்சேரிகளில் பாடுகிறவள். ஒரே தடவையில் பாடி முடித்தாள்.

அவளுக்கு ஒரு வழக்கம் இருந்தது. தன் குரலை அழிக்கும்வரை எழுந்திருக்க மாட்டாள். கண் முன்னால் அழிக்க வேண்டும். அழித்ததும் ஒரு சொம்பு தண்ணீர் குடிப்பாள், கிளம்புவாள். அன்று கீர்த்தி பாடி முடிக்க நேரமாகிக்கொண்டே போனது, துளசிக்குப் பஸ் போய்விடும்போல இருந்தது. பிறகு அழித்துவிடுவதாகப் பிரேம்நாத் சத்தியம் செய்யாத குறையாகச் சொன்னார்.

"முழுசா அழிச்சிடுங்க தம்பி," என்றாள் துளசி, வாசலில் நின்று. "துளிகூட விட்டு வெக்காதீங்க."

நீட்டிய தண்ணீரை வாங்காமல் படியிறங்கினாள்.

பாட்டு உச்சத்தில் தொடங்கியது. கீர்த்திக்கு முதல் சொல் உடைந்தது. இருபது தடவை உடைந்தது. துளசியின் மூச்சு காதில் விழுந்த மறுகணம் பாடியபோது மட்டும் சரியாக வந்தது. கீர்த்தியின் வரியைத் தனியே நறுக்கிப் பார்த்தார்கள். மூச்சு இல்லாமல் அவள் குரல் பாதியில் முளைத்ததுபோல நின்றது. கீர்த்திதான் வழி சொன்னாள்.

"எங்க வீட்ல தறியில பாவு நூல் தீர்ந்தா பழைய நூலை அறுத்துப் போட மாட்டோம்ணா. நுனிய விட்டு வெச்சி, அதுல புதுசைப் பிணைச்சிடுவோம். சேலையில யாராலயும் கண்டுபிடிக்க முடியாது. அந்த மாதிரி பண்ணுங்க. மூச்சை மட்டும் விட்டுட்டு மீதிய அழிங்க."

காஞ்சிபுரத்தில் எதைக் கேட்டாலும் தறிக்குக் கூட்டிக்கொண்டு போய்விடுகிறார்கள் என்று பிரேம்நாத் சிரித்தார். பிணைத்தார்.

இப்போது பின்னறையில் கீர்த்தி ஹெட்போனைக் கழற்றினாள். அம்மாவைக் கூப்பிட வாயைத் திறந்தாள். அப்போது மறுபடி கேட்டது. மூக்கால், மெதுவாக, நிதானமாக.

"அம்மா," என்றாள்.

முன்கூடத்து இரண்டாவது தறியில் அம்மா கமலவேணி உட்கார்ந்திருந்தாள். மடியில் சாம்பல் கிண்ணம். சாம்பலில் விரலைத் தொட்டு, தறியில் தொங்கிய பழைய நூலின் நுனியையும் புதிய பாவின் நுனியையும் சேர்த்து முறுக்கிக்கொண்டிருந்தாள். ஒவ்வோர் இழையாக. ஆயிரக்கணக்கில்.

"உள்ள யார்கூட பேசிக்கினு இருக்குற?"

"யாரும் இல்லமா."

"ரெண்டு பேரு இருக்குற மாதிரி இருந்துது."

கீர்த்தி பக்கத்தில் உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் அம்மாவின் விரல்களையே பார்த்தாள். பிணைத்த பிறகு எது எதை இழுக்கும் என்று கேட்டாள்.

"தறிக்காரன் பொண்ணு கேக்குற கேள்வியப் பாரு," என்று அம்மா அப்பாவைப் பார்த்துச் சிரித்தாள். "பழசுதான்மா இழுக்கும். அது ஏற்கெனவே அச்சுக்குள்ள நுழைஞ்சி நிக்குது இல்ல? வழி அதுக்குத்தான் தெரியும். புதுசு அது பின்னாலயே போவும்."

எட்டு மணிக்கு நேரலை. தினமும் உள்ளதுதான். விளக்கு வளையத்தைப் போட்டு, அரக்கு நிறப் பட்டில் உட்கார்ந்து, வணக்கம் சொன்னாள். முதல் நிமிடத்திலேயே எழுத ஆரம்பித்தார்கள். அக்கா, சத்தம் முன்னாடி வருது. உதடு பின்னாடி வருது. ஒருவன் எழுதினான்: நேரலைக்கே வாயசைப்பா?

அவள் நெட்வொர்க்கைக் குறை சொன்னாள். புதிதாக வந்த ஒரு பெண் எந்த ஊர் என்று கேட்டாள்.

"வாலாஜாபாத்," என்றாள் கீர்த்தி.

பிள்ளையார்பாளையம் என்று சொல்லத்தான் நினைத்தாள். விளையாட்டுக்குச் சொன்னதுபோலச் சிரித்துச் சமாளித்தாள்.

முடித்ததும் பதிவை ஓடவிட்டுப் பார்த்தாள். நெட்வொர்க் இல்லை. கைத்தட்டல் சரியாக இருந்தது. வளையல் சத்தம் சரியாக இருந்தது. அவள் குரல் மட்டும் அவள் உதட்டுக்குக் கண் சிமிட்டும் நேரம் முன்னால் வந்தது. ஒவ்வொரு வாக்கியத்திலும். சிரிப்பும் முன்னால் வந்தது. அதன் பின்னாலேயே அவளுடைய உதடுகள் ஓடின.

மறுநாள் காலை செவிலிமேட்டுக்குப் போனாள். மாடி அறையில் ஜன்னல் இல்லை. சுவரெல்லாம் சாம்பல் நிற நுரை மெத்தை. கதவைச் சாத்தியதும் காதில் பஞ்சு அடைத்ததுபோல ஆகும். பிரேம்நாத் கம்ப்யூட்டரில் பாட்டைத் திறந்தார். துளசியின் டிராக் காலியாக இருந்தது. ஒரே ஒரு சின்னத் துண்டு மட்டும், தொடக்கத்தில், நகத்தின் அளவு. மற்ற மூச்சுகள் எங்கிருந்து வருகின்றன என்று அவராலும் சொல்ல முடியவில்லை. திரையில் அவை இல்லை. ஸ்பீக்கரில் இருந்தன.

துளசியிடம் கேட்கலாம் என்றாள் கீர்த்தி.

"அவங்க மூணு வாரமா எடுக்கறதில்ல," என்றார் பிரேம்நாத். "அவங்க நம்பர்லேருந்து ரெண்டு தடவை கால் வந்துது. பேசல. லைன்ல மூச்சுச் சத்தம்கூட இல்லை."

அந்தத் துண்டை எடுத்துவிடச் சொன்னாள். அவர் எடுத்தார். பாட்டை ஓடவிட்டார். தம்புரா வந்தது. முதல் வரி வர வேண்டிய இடத்தில் ஒன்றும் வரவில்லை. திரையில் அவள் குரலின் கோடுகள் மேலும் கீழும் துடித்தபடி போயின. சத்தம் இல்லை.

ஒயரைப் பிடுங்கிச் சொருகினார். இல்லை.

அண்ணா, போதும், என்று சொல்லப் பார்த்தாள் கீர்த்தி. வாய் திறந்தது. தொண்டையில் எதுவும் இல்லை. காற்றுகூட இல்லை. அவர் தோளைப் பிடித்து உலுக்கினாள். அவள் முகத்தைப் பார்த்துப் பயந்து, அவர் துண்டைத் திரும்ப வைத்தார்.

மூக்கால் ஒரு மூச்சு உள்ளே போனது. அவள் இழுக்கவில்லை.

"அண்ணா," என்றாள்.

பிரேம்நாத் மவுஸிலிருந்து கையை எடுத்துக்கொண்டார். பிறகு, எதையும் தொட வேண்டாம், துளசியை நேரில் பார்த்துவிட்டு வருகிறேன் என்று சொல்லி விலாசம் வாங்கிக்கொண்டாள்.

வியாழக்கிழமை மதியம், முகத்தில் மாஸ்க், தலையில் துப்பட்டா, வாலாஜாபாத் பஸ். அரிசி ஆலைக்குப் பின்னால் ஒரு சந்து. அவித்த நெல்லின் கனமான வாடை காற்றோடு நகராமல் அங்கேயே நின்றது. தவிட்டுத் தூசு எல்லா வாசல்களிலும் படிந்திருந்தது. துளசியின் கணவன் பழனி கதவைத் திறந்தான். ஆலையில் வேலை. புருவத்திலும் தவிடு.

பாட்டு விஷயமாக வந்திருப்பதாகச் சொன்னாள். அவன் அவளை யாரென்று அறியவில்லை. காஞ்சிபுரம் போய்விட்டு வந்த அன்றிலிருந்து துளசிக்குப் பேச்சு இல்லை என்றான். மூன்று டாக்டர்கள் பார்த்துவிட்டார்கள். தொண்டையில் ஒரு குறையும் இல்லை என்கிறார்கள்.

"வாய் மட்டும் அசைஞ்சிக்கினே இருக்குதுமா. காலையில கொஞ்சம். ராத்திரி எட்டு மணி ஆனா நிக்கவே நிக்காது. தானா சிரிக்கிறா." குரலைத் தாழ்த்தினான். "யாருக்கோ கையெடுத்து வணக்கம் சொல்றா."

உள்ளே ஒரே அறை. ஒரே ஜன்னல். துளசி சுவரில் சாய்ந்து தரையில் உட்கார்ந்திருந்தாள். அருகில் ஒரு சொம்பு, விளிம்புவரை தண்ணீர். தண்ணீரின் மேல் தவிடு மிதந்தது. கஞ்சி கொடுத்தால் குடிக்கிறாள், அந்தச் சொம்பை மட்டும் தொடுவதில்லை என்றான் பழனி.

கீர்த்தி எதிரில் உட்கார்ந்தாள். மாஸ்க்கைக் கழற்றினாள்.

"அக்கா, மன்னிச்சிடுங்க."

துளசியின் உதடுகள் அதையே சொல்லின. சத்தமில்லாமல். அக்கா, மன்னிச்சிடுங்க.

"நான்தான் விட்டு வெக்கச் சொன்னேன்."

நான்தான் விட்டு வெக்கச் சொன்னேன்.

கீர்த்திக்கு அழுகை வந்தது. தன் பேச்செல்லாம் இந்த வாயில் ஓடியிருக்கிறது. மூன்று வாரமாக. தான் பேசப் பேச, இவள் அசைத்திருக்கிறாள்.

இன்னொரு முறை அந்த உதடுகளைப் பார்த்தாள். தொழில் பழக்கத்தில் பார்த்தாள்.

அவை முன்னால் போயின.

கண் சிமிட்டும் நேரம். அவ்வளவுதான். துளசியின் உதடு முதலில். கீர்த்தியின் குரல் பிறகு.

வாயை மூடிக்கொண்டாள். பற்களைக் கடித்தாள்.

துளசியின் உதடுகள் நிற்கவில்லை.

கையிலிருந்த போன் அதிர்ந்தது. பிரேம்நாத். கட்டைவிரல் அதை எடுத்தது. ஸ்பீக்கரில் அவர் குரல் அறை முழுவதும் கேட்டது. நாளைக்கு வெளியீடு, பாட்டை மூன்று மணிக்குள் ஏற்ற வேண்டும், என்ன செய்யட்டும் என்று கேட்டார்.

எதையும் தொடாதீங்க. நான் வரேன். அதைத்தான் சொல்ல வேண்டும். அதை மட்டும். மனதுக்குள் இரண்டு தடவை சொல்லிப் பார்த்தாள்.

எதிரே உதடுகள் வேறு எதையோ சொல்லின. அவளால் படிக்காமல் இருக்க முடியவில்லை. முழுதும் படித்தாள். வரப்போவது தெரிந்தது.

மூக்கால் ஒரு மூச்சு உள்ளே போனது. மெதுவாக. நிதானமாக.

"என் குரலை அழிச்சிடுங்கண்ணா," என்றாள் கீர்த்தி. "முழுசா. துளிகூட விட்டு வெக்காதீங்க."

"உன்னோடதையா?"

"என்னோடதைத்தான்."

"நல்லா யோசிச்சியா கீர்த்திமா? அப்புறம் திருப்ப முடியாது."

"இப்பவே."

அவர் பெருமூச்சு விட்டார். மவுஸ் சொடுக்கும் சத்தம். ஒன்று. நீண்ட இடைவெளி. இன்னொன்று.

கீர்த்தி கத்தினாள். வாய் முழுதாகத் திறந்தது. நாக்கு எழுந்தது. கழுத்து நரம்பு புடைத்தது.

ஆலையின் இரைச்சல் கேட்டது. தெருவில் ஒரு சைக்கிள் மணி கேட்டது.

துளசி சொம்பை எடுத்தாள். தவிட்டை விரலால் ஒதுக்கினாள். அண்ணாந்து குடித்தாள். தொண்டை ஏறி இறங்கியது. கடைசிச் சொட்டுவரை குடித்தாள். முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டாள்.

"ஏங்க," என்றாள், பழனியைப் பார்த்து. "ஜன்னலைச் சாத்துங்க. தவிடு உள்ள வருது."

பழனி கதவைப் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்துவிட்டான்.

கீர்த்தியின் உதடுகள் ஜன்னலைச் சாத்தச் சொல்லி முடித்திருந்தன. தவிடு என்ற சொல்லில் பல் உதட்டைத் தொட்டது சரியாக இருந்தது. ஓர் எழுத்துகூடப் பிசகவில்லை.

போன் தரையில் கிடந்தது. "அழிச்சிட்டேன்," என்றது. "கீர்த்திமா, லைன்ல இருக்கியா?"

துளசி போனை எடுத்து மடியில் வைத்தாள். மூச்சு இழுத்தாள்.

கீர்த்தியின் உதடுகள் பிரிந்து, தயாராக நின்றன.